ரோசியின் தீவுக்கு ஒரு கப்பல்

செப்டம்பர் 29, பலெர்மோ, சிசிலி

"தம்பி, வெயில் ஏற முந்தி மலை ஏற வேணும், கெதியா வெளிக்கிடுங்கோ" என்று அக்கா கதவைத் தட்டும்போது மணி ஆறு. நண்பனின் அக்கா. யாழ்ப்பாணத்திலிருந்து இங்கே வந்து முப்பது வருடத்துக்கு மேல் ஆகிறது. ஞாயிற்றுக்கிழமை என்றால் பலெர்மோவின் ஈழத்தமிழர்கள் பலர் பெல்லெக்ரீனோ மலைக்குக் கிளம்பிவிடுகிறார்கள். மேலே ஒரு குகைக்குள் சாந்தா ரொசாலியா என்ற புனிதையின் கோயில். 1624-இல் ஊரைப் பிடித்த கொள்ளைநோய், அவருடைய எலும்புகளை ஊர்வலமாகக் கொண்டுபோன பிறகுதான் நின்றது என்பது இந்த ஊர் நம்பிக்கை. அக்கா வீட்டுச் சாமி அலமாரியில் முருகனுக்கு இடப்பக்கம் ரொசாலியா இருக்கிறார். இருவருக்கும் ஒரே விளக்கு.

குகைக்கூரை முழுக்கத் தண்ணீர் கசிகிறது. அது பக்தர்கள் தலையில் விழாமல் இருக்கத் தகரத்தை மடித்து வாய்க்கால் வாய்க்காலாகத் தொங்கவிட்டிருக்கிறார்கள். கோணல்மாணலாக, ஒன்றிலிருந்து ஒன்றுக்கு வடிந்து ஓரமாகப் போகிறது நீர். சொட்டுச் சத்தமும் தமிழ் முணுமுணுப்பும் சேர்ந்து கேட்டதில் எந்த நாட்டில் இருக்கிறேன் என்பதே ஒரு நிமிடம் பிடிபடவில்லை.

மதியம் பல்லரோ சந்தை. பனெல்லே என்று கடலைமாவைக் கூழாகக் கிளறி, ஆறவைத்து, வில்லையாக வெட்டிப் பொரித்து ரொட்டிக்குள் வைத்துத் தருகிறார்கள். எலுமிச்சை பிழிந்தால் போதும். இரண்டரை யூரோ. நம் பஜ்ஜிக்கு அக்கா முறை வேண்டும்.

நான் இவ்வளவு தூரம் வந்தது சாமி கும்பிடவும் பஜ்ஜி தின்னவும் அல்ல. ஆவணப்படத் தொகுப்பு என் பிழைப்பு. ஜான்ஃபிராங்கோ ரோசியின் 'ஃபுவோக்கோஅம்மாரே' என்ற ஆவணப்படம் 2016-இல் பெர்லின் திரைப்பட விழாவில் தங்கக் கரடி விருது வாங்கியது முதல் அந்தப் படத்தோடு எனக்கு ஒரு வாக்குவாதம் ஓடிக்கொண்டிருக்கிறது. இத்தாலியின் லாம்பெதூசா தீவில் கவண் விட்டுத் திரியும் ஒரு மீனவச் சிறுவன், அவன் பாட்டி, பாட்டுப் போடும் உள்ளூர் வானொலிக்காரர், ஒரு மருத்துவர் எல்லோரும் படத்தில் தனித்தனி ஆட்களாக வருகிறார்கள். அதே தீவில் கரையேறும் ஆப்பிரிக்கர்கள் கூட்டமாக வந்து கூட்டமாகப் போகிறார்கள். சிறுவனின் சோம்பேறிக் கண்ணுக்குக் கண்ணாடி மாட்டுவதைக்கூட நின்று பார்க்கும் படம், படகில் வந்தவர்களில் ஒருவர் பெயரையாவது கேட்டிருக்க வேண்டாமா? ஃபிலிம் சொசைட்டி கூட்டங்களில் இதைச் சொல்லிச் சண்டை போட்டிருக்கிறேன். தீவைப் பார்த்துவிட்டு மேற்கொண்டு சண்டை போடலாம் என்றுதான் இந்தப் பயணம்.

செப்டம்பர் 30, போர்ட்டோ எம்பேதோக்ளே

கப்பல் இல்லை.

இரவு பதினொரு மணிக்கு லாம்பெதூசாவுக்குப் புறப்பட வேண்டிய கப்பல். வடமேற்கிலிருந்து மயேஸ்த்ராலே காற்று. சீட்டு விற்கும் ஜன்னலில் ஒரு காகிதம் ஒட்டியிருந்தது. உள்ளே யாரும் இல்லை. நாளை உண்டா என்று கேட்க ஆள் தேடினால், துறைமுகக் காவலாளி வானத்தைக் காட்டினார். அதுதான் அறிவிப்புப் பலகை போலிருக்கிறது.

நிலையத்துக்கு எதிரே ஒரு பெரியவரின் வீட்டில் அறை, 35 யூரோ. இரவு உணவுக்கு எதுவும் திறந்திருக்காது என்று சொல்லிவிட்டு, அவரே நெத்திலியும் பெருஞ்சீரகத் தழையும் போட்ட பாஸ்தா ஒரு தட்டு கொண்டுவந்து வைத்தார். காசு கொடுக்கப் போனேன். கையைப் பின்னால் கட்டிக்கொண்டார்.

2013 அக்டோபரில் லாம்பெதூசா அருகே நடந்த அகதிப் படகு விபத்தில் இறந்தவர்களின் சவப்பெட்டிகளைக் கடற்படைக் கப்பல்களில் கொண்டுவந்து இறக்கியது இந்தத் துறைமுகத்தில்தான். இன்றைக்கும் தீவில் கரையேறுபவர்களில் பலரை இங்கேதான் கொண்டுவருகிறார்கள். பெரியவருக்கு அது பற்றிப் பேச விருப்பம் இல்லை. துறைமுகத்தில் வேலை பார்த்த தன் மகன் இப்போது ஜெர்மனியில் இருக்கிறான் என்றார். இந்த ஊர்ப் பையன்களும் வடக்கே போய்க்கொண்டுதான் இருக்கிறார்களாம்.

அக்டோபர் 1, இன்னும் போர்ட்டோ எம்பேதோக்ளே

பகல் முழுக்கக் காற்று. சுண்ணாம்புத் தூசி கண்ணில். சாயங்காலம் ஆறு மணிக்கு ஜன்னல் திறந்தது, கப்பல் உண்டு என்றார்கள். காய்கறி லாரிகள் எனக்கு முன்னால் வரிசையில் நின்றன.

அக்டோபர் 2, லாம்பெதூசா

இரவு முழுக்கக் கப்பல் ஆடியதில் தூக்கம் இல்லை. விடியும் நேரத்தில் லினோசா தீவில் கொஞ்சம் நின்றது. கறுப்பு எரிமலைக்கல் தீவு. நாலைந்து பேர் இறங்கினார்கள், ஒரு குளிர்சாதனப் பெட்டியும் இறங்கியது. அப்புறம் எட்டரை மணிவாக்கில் லாம்பெதூசா.

முதல் பார்வைக்கு ஏமாற்றம். மரமே இல்லாத தட்டையான சுண்ணாம்புப் பாறை. 20 சதுர கிலோமீட்டர், ஆறாயிரம் பேர். சிசிலிக்கு 200 கிலோமீட்டருக்கு மேல், துனீசியாவுக்கோ 113 கிலோமீட்டர்தான். நிலவியல்படி ஆப்பிரிக்கத் தட்டில் உட்கார்ந்திருக்கிறது, வரைபடத்தில் இத்தாலி.

அறை கொடுத்த அம்மாள் கேட்ட முதல் கேள்வி, "பத்திரிகைக்காரரா?" இல்லை என்றேன். "சினிமா?" கொஞ்சம் யோசித்து, ஆமாம், ஆனால் கேமரா கொண்டுவரவில்லை என்றேன். அதற்குப் பிறகுதான் சாவியைக் கொடுத்தார். அந்த விபத்தின் நினைவு நாளான அக்டோபர் 3 நெருங்கினால் தீவுக்கு மைக் பிடித்த ஆட்கள் வருவார்களாம், 4-ஆம் தேதி ஒருவரும் இருக்க மாட்டார்களாம். நாங்கள் என்ன அமாவாசைக் கடையா என்ற தொனியில் சொன்னார், அவர் மொழியில்.

பல்பொருள் அங்காடியில் காய்கறி அடுக்கு காலி. ஒரு வாடிய கத்தரிக்காய், நாலு வெங்காயம். கப்பல் வராத நாளெல்லாம் இப்படித்தான். என்னோடு வந்த லாரிகள் பதினொரு மணிக்குச் சரக்கை இறக்கின, பன்னிரண்டுக்கு ஊரே தக்காளிப் பையோடு நடமாடியது. விலை பலெர்மோவைப் போல் ஒன்றரை மடங்கு.

வியா ரோமா என்கிற கடைத்தெருவில் கடல்பஞ்சு விற்கிறார்கள். ஒரு காலத்தில் பஞ்சு குளித்துப் பிழைத்த தீவு. மீன் போட்ட கூஸ்கூஸ் மதியச் சாப்பாடு, 16 யூரோ. சாற்றைத் தனிக் கிண்ணத்தில் கொடுத்து, வேண்டும்போது ஊற்றிக்கொள்ளச் சொல்கிறார்கள். மொத்தமாக ஊற்றப்போன என் கையைப் பரிமாறும் பெண் தடுத்துவிட்டார். கொஞ்சம், பிறகு கொஞ்சம்.

அக்டோபர் 3

அதிகாலை இருட்டிலேயே பியாவே சதுக்கத்தில் ஆட்கள் கூடிவிட்டார்கள். இறந்தவர்களின் பெயர் பொறித்த நினைவிடம் அங்கே இருக்கிறது. பெயர்களை வாசித்தார்கள். எரித்திரியப் பெயர்கள், நீளமான பட்டியல்.

2013 அக்டோபர் 3 விடியும் முன்னால், லிபியாவின் மிஸ்ராத்தாவிலிருந்து 500-க்கு மேற்பட்டவர்களை ஏற்றிவந்த மீன்பிடிப் படகு, கரை கண்ணுக்குத் தெரியும் தூரத்தில் நின்றுபோனது. யாராவது பார்க்கட்டும் என்று ஒரு போர்வையைக் கொளுத்தினார்கள். தீ பரவியது, பயந்து எல்லோரும் ஒரு பக்கம் ஒதுங்கினார்கள், படகு கவிழ்ந்தது. 368 பேர் இறந்தார்கள், 155 பேர் பிழைத்தார்கள். உள்ளூர் ஐஸ்கிரீம் கடைக்காரர் வீத்தோ ஃபியோரீனோ நண்பர்களோடு தன் சிறிய படகில் இரவு மீன்பிடிக்கப் போயிருந்தார். கடற்பறவைச் சத்தம் என்று முதலில் நினைத்தது மனிதர்களின் கூச்சல். எண்ணெய் வழுக்கும் கைகளைப் பிடித்து இழுத்து 47 பேரை ஏற்றினார்கள்.

அதற்குப் பிறகு நடந்தவைதான் ஐரோப்பா. இறந்தவர்களுக்கு அரசு மரியாதை என்று பிரதமர் அறிவித்தார். அக்ரிஜெந்தோ பக்கத்தில் சவப்பெட்டிகள் இல்லாத ஒரு சடங்கு நடந்தது, பிழைத்தவர்களை அதற்கு அழைக்கவில்லை. உயிரோடு கரையேறியவர்கள் பெயர்கள் சட்டவிரோத நுழைவுக்கான விசாரணைப் பட்டியலில் ஏறின. அதே மாதம் 'மாரே நோஸ்த்ரும்' என்ற மீட்புப் பணியைக் கடற்படை தொடங்கியது, ஒரு வருடத்தில் நிறுத்தியும் விட்டது. 2016-இல் அக்டோபர் 3-ஐச் சட்டம் போட்டு நினைவு நாளாக்கினார்கள்.

காலை பத்து மணிக்கு மேல் ஊர்வலம். ஐரோப்பாவின் பல நாட்டுப் பள்ளி மாணவர்கள். கூட்டத்துக்குள் சுவீடனிலிருந்து வந்திருந்த ஒருவர், அன்று பிழைத்தவர். கூட வந்திருந்த மகளுக்கு ஆறேழு வயது. அவள் ஷூவுக்குள் கல் போய்விட்டது என்று மூன்று முறை உட்கார்ந்தாள். அவர் மூன்று முறையும் குனிந்து கழற்றி, தட்டி, மாட்டிவிட்டார். ஒரு தொலைக்காட்சிக்காரர் நான்காவது முறைக்காகக் காத்திருந்தது தெரிந்தது. எனக்கு அவர்மேல் கோபம் வரவில்லை. நானும் அதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஊர்வலம் முடிவது 'ஐரோப்பாவின் வாசல்' என்ற நினைவுச்சின்னத்தில். 2008-இல் சிற்பி மிம்மோ பலாதீனோ செய்தது. ஏறக்குறைய ஐந்து மீட்டர் உயரக் கதவுச் சட்டம், கதவு இல்லை. மேலெல்லாம் சுட்ட மண்ணில் செருப்பு, கிண்ணம், தொப்பி. உப்புக்காற்று சிலவற்றைத் தின்றுவிட்டது. பக்கத்திலேயே விமான ஓடுதளம், பேச்சு நடக்கும்போது ஒரு விமானம் இறங்கிப் பாதிப் பேச்சை விழுங்கியது.

அக்டோபர் 4

அம்மாள் சொன்னது உண்மை. மைக்குகள் போய்விட்டன. காலை பார் ஒன்றில் பாதாம் கிரனீத்தாவும் பிரியோஷும், நாலரை யூரோ. இங்கே அதுவே காலைச் சிற்றுண்டி. ரொட்டியின் கொண்டையைப் பிய்த்துப் பனிக்கூழில் தொட்டுத் தின்ன வேண்டும்.

துறைமுகத்தில் ஃபவலோரோ படகுத்துறை இருக்கிறது. படகில் வருபவர்களைக் கரையேற்றும் இடம். வாயிலில் தடை. எதிர்ப்பக்கம் ஒரு சுவரில் உட்கார்ந்தால் தூரத்தில் தெரிகிறது. பதினொன்றரை மணிக்குக் கடலோரக் காவல்படையின் படகு ஒன்று வந்தது. பொன் நிற வெப்பப் போர்வைகள் வெயிலில் மின்னின. இறங்கினார்கள், வரிசையாக உட்கார்ந்தார்கள், யாரோ தண்ணீர் கொடுத்தார்கள், ஒரு வண்டி வந்தது, ஏறினார்கள், வண்டி போனது. நாற்பது நிமிடம்கூட ஆகவில்லை. எனக்குப் பின்னால் ஒரு குடும்பம் படகுச் சவாரிக்குப் பேரம் பேசிக்கொண்டிருந்தது. தலைக்கு 50, மதியச் சாப்பாடு உட்பட.

அந்த வண்டி போவது கொந்த்ராதா இம்பிரியாக்கோலா என்ற பள்ளத்தாக்கிலுள்ள முகாமுக்கு. 2023 ஜூனிலிருந்து செஞ்சிலுவைச் சங்கம் நடத்துகிறது. அப்போது சுமார் 400 பேருக்கான இடம். அதே வருடம் செப்டம்பர் நடுவில் சில நாட்களுக்குள் தீவின் மக்கள்தொகையைவிட அதிகமானோர் வந்திறங்கியதும், ஐரோப்பிய ஆணையத் தலைவர் ஓடிவந்து பார்த்ததும் செய்தித்தாள்களில் வந்தவை. சாதாரண நாளில் ஓரிரண்டு நாளுக்கு மேல் யாரையும் வைத்திருப்பதில்லை. கப்பலில் ஏற்றி சிசிலிக்கு, அங்கிருந்து வேறெங்கோ.

என் வாக்குவாதத்துக்குப் பதில் அந்தச் சுவரில்தான் கிடைத்தது. ரோசி முதலில் பத்து நிமிடக் குறும்படம் ஒன்றுக்காக வந்தவர். உடம்பு சரியில்லாமல் தீவின் மருத்துவர் பியேத்ரோ பார்த்தோலோவிடம் போனார். இருபது வருடத்துக்கும் மேலாகக் கரையேறுபவர்களைப் பரிசோதித்துவந்த பார்த்தோலோ, தன்னிடமிருந்த படங்கள் கொண்ட ஒரு பென் டிரைவைக் கொடுத்தார். அதற்கப்புறம்தான் ரோசி வீடு எடுத்து ஒரு வருடத்துக்கு மேல் தங்கினார், கேமராவைத் தானே தூக்கிக்கொண்டு. ஒரு வருடம் தங்குபவருக்கு ஒரு வருடமும் அங்கேயே இருக்கும் சிறுவன் பழக்கமாவான், பாட்டி பழக்கமாவாள். படகில் வந்தவர் எவரும் அவருக்குப் பழக்கமாக முடியாது. பழகுவதற்குள் வண்டி வந்துவிடும். படத்தில் ஒரே ஒரு நைஜீரியர் தாங்கள் பாலைவனத்தையும் லிபியச் சிறையையும் கடலையும் கடந்துவந்ததைக் கிட்டத்தட்டப் பாட்டாகவே சொல்லுவார். பின்னால் நிற்பவர்கள் ஆமோதிப்பார்கள். அந்தக் காட்சி ஏன் தனியாக நிற்கிறது என்று எனக்கு உறுத்திக்கொண்டே இருந்தது. முகாமுக்குள் கிடைத்த சொற்ப நேரத்தில் அவ்வளவுதான் கிடைத்திருக்கும். குறை குறைதான். ஆனால் அது ரோசியின் படத்தில் தொடங்கவில்லை, தீவில் உள்துறை அமைச்சகம் வைத்திருக்கும் ஏற்பாட்டில் தொடங்குகிறது.

ரோசி பிறந்தது எரித்திரியாவின் அஸ்மாராவில். போர் முற்றியபோது பதின்மூன்று வயதில் பெற்றோர் இல்லாமல் இத்தாலிக்கு விமானத்தில் அனுப்பப்பட்டவர். அக்டோபர் 3-இல் மூழ்கியவர்களில் பெரும்பாலோர் அதே நாட்டுக்காரர்கள். படத்தில் இதைப் பற்றி ஒரு வரி கிடையாது. வேறு யாராவது எடுத்திருந்தால் முதல் காட்சியே அதுதான்.

சாயங்காலம் கல்லறைத் தோட்டம். தீவுக்காரர்களின் சலவைக்கல் மாடங்களுக்கு நடுவே, பெயர் தெரியாதவர்களின் மண்மேடுகள். சிலவற்றில் படகு மரத்தில் செய்த சிலுவை. பெரும்பாலும் முஸ்லிமாக இருந்திருக்கக்கூடியவர்களுக்கும் சிலுவைதான். யாரோ பிளாஸ்டிக் ரோஜாக்களை ஒழுங்காகத் துடைத்து வைத்திருந்தார்கள், தூசி இல்லை.

அக்டோபர் 5

முயல் தீவுக் கடற்கரை. ஐரோப்பாவின் அழகான கரைகளில் ஒன்று என்று சொல்வது மிகையில்லை. கணுக்கால் ஆழத்தில் மட்டுமல்ல, கழுத்து ஆழத்திலும் கால்விரல் நகம் தெரிகிறது. பெருந்தலை ஆமைகள் முட்டையிடும் இடம் என்பதால் முன்பதிவு செய்து, காலை அல்லது மாலை என்று நேரம் பிரித்துத்தான் விடுகிறார்கள். ஆமைக் கூடுகளைச் சுற்றி வேலி, காவலுக்கு ஆள். 2013-இல் படகு மூழ்கியது இந்தக் கரைக்கு எதிரேதான். பக்கத்தில் குடை விரித்திருந்த மிலான் தம்பதிக்கு அது தெரியும், தெரிந்தேதான் வந்திருக்கிறார்கள். "கடல் என்ன செய்யும்?" என்றார் கணவர். எனக்கு ஒரு பீச் பழம் கொடுத்தார். நானும் குளித்தேன்.

திரும்பும் வழியில் வேலிக்குள் குவித்திருந்த இரும்புப் படகுகளைப் பார்த்தேன். மரப்படகு கிடைப்பது குறைந்ததும் துனீசியாவின் ஸ்ஃபாக்ஸ் பக்கம் மெல்லிய இரும்புத் தகட்டை ஒட்டி இப்படிச் செய்கிறார்களாம். பற்றவைப்புக் கோடு நேராகவே இல்லை. சில இடங்களில் உள்ளிருந்து வெளிச்சம் தெரிகிறது. பெயின்ட் கிடையாது. உள்ளே ஒரு டியூப், ஒற்றைச் செருப்பு, பாதி தின்ற பேரீச்சம்பழப் பொட்டலம். கை வைத்தால் பலகை அளவுக்குக்கூடக் கனமில்லை. இதில் நாற்பது பேர்.

இரவு அறைக்கார அம்மாள் கப்பொனாத்தா செய்து கொடுத்தார், நேற்றைய கப்பலில் வந்த கத்தரிக்காயில். தீவில் பிரசவம் பார்ப்பதில்லை; மூன்று பிள்ளைகளுக்கும் நாள் நெருங்கியதும் பலெர்மோவுக்குப் போய் வாடகை அறையில் காத்திருந்ததைச் சொன்னார். "படகுல வர்றவங்களுக்கு ஹெலிகாப்டர் வருது, எங்களுக்கு விமான டிக்கெட்" என்றார். அவருடைய கசப்பை இனவெறி என்று தள்ளிவிடுவது சுலபம். 2011-இல் முகாம் நிரம்பி வழிந்தபோது இதே அம்மாள் வீட்டுச் சமையலறையில் துனீசியப் பையன்களுக்குப் பாஸ்தா வடித்தவர். 2016 மார்ச்சில் பிரதமர் ரென்ஸி ரோசி படத்தின் டிவிடிகளைப் பிற ஐரோப்பியத் தலைவர்கள் எல்லோருக்கும் கொண்டுபோய்க் கொடுத்தார். அதே மாதம் அவர்கள் எல்லோரும் சேர்ந்து, வருபவர்களைத் திருப்பி அனுப்பத் துருக்கியோடு ஒப்பந்தம் போட்டார்கள். யாரும் படம் பார்த்தார்களா என்று தெரியவில்லை என்றேன். அம்மாள் தான் பார்க்கவில்லை என்றார். "எனக்கு எதுக்கு? ஜன்னல் இருக்கே."

அக்டோபர் 6, கப்பலில்

பத்தேகாலுக்குப் புறப்பாடு. முதலில் முகாமிலிருந்து ஒரு கூட்டம் ஏறியது, நூறு பேர் இருக்கலாம். எல்லோர் காலிலும் ஒரே மாதிரி ரப்பர் செருப்பு, கையில் எண் எழுதிய பட்டை. பின்தளத்தில் அவர்களுக்கு ஒரு பகுதி, இடையில் சிவப்பு வெள்ளை நாடா. இந்தப் பக்கம் நாங்கள், காபி ஒன்றரை யூரோ.

கடல் அமைதி. மதியம் நாடாவுக்கு அந்தப் பக்கமிருந்து ஒரு பையன் என் முகத்தைப் பார்த்து இந்தியில் கேட்டான்: "பாய், இந்தியாவா?" வங்கதேசத்தின் மாதாரிப்பூர்க்காரன். டாக்காவிலிருந்து துபாய், எகிப்து வழியாக லிபியா வரை விமானத்திலேயே வந்திருக்கிறான். நடந்தது, அடிபட்டது எல்லாம் அதற்குப் பிறகு. லிபியாவில் பூட்டி வைத்து இரண்டு முறை வீட்டிலிருந்து பணம் வரவழைத்தார்களாம். அப்பா நிலத்தை விற்றார். அதை அரை நிமிடத்தில் சொல்லி முடித்துவிட்டு, கிரிக்கெட் யார் ஜெயித்தது என்று கேட்டான். வங்கதேசம் அன்று இரவு இந்தியாவோடு விளையாடவிருந்தது. யார் ஜெயிப்பார்கள் என்று இருவரும் பேசிக்கொண்டிருந்தோம். அப்புறம் அவன், இந்தக் கப்பல் எங்கே போகிறது என்று கேட்டான். சிசிலி என்றேன். "அதுக்கு அப்புறம்?" எனக்குத் தெரியவில்லை. காவலர் ஒருவர் வந்து, கோபமில்லாமல், அவனைப் பெஞ்சுக்குப் போகச் சொன்னார். அவன் பெயரை இங்கே எழுதப்போவதில்லை, ஆனால் சொன்னான், கேட்காமலே.

ஏழு மணிக்குப் போர்ட்டோ எம்பேதோக்ளே. எங்களை முதலில் இறக்கினார்கள். துறையில் மூன்று பேருந்துகள் எஞ்சின் ஓட நின்றன. முதல் வண்டியின் ஓட்டுநர் சிகரெட் பிடித்துக்கொண்டிருந்தார். எங்கே போகிறது என்று கேட்டேன்.

"டூரின். இருபது மணி நேரம், ரெண்டு டிரைவர்."

"ஏறப்போறவங்களுக்குத் தெரியுமா?"

"எனக்கே நாலு மணிக்குத்தான் சொன்னாங்க" என்றார். அக்ரிஜெந்தோவுக்குக் கடைசிப் பேருந்து எத்தனை மணிக்கு என்று அவரிடமே விசாரித்தேன். அது போயாச்சு, மேலே சாலைக்குப் போனால் டாக்ஸி கிடைக்கும், இருபதுக்கு மேல் கொடுக்காதே என்றார். முப்பது கேட்டான், இருபத்தைந்துக்கு வந்தான்.